இன்னொரு வாட்டி

மாமனாரின் கால் கட்டைவிரல்கள் இரண்டையும் சேர்த்துக் கட்டுவதற்காக ராமாமிர்தம் பழைய வேட்டி ஒன்றின் கரையைக் கிழித்துக்கொண்டிருந்தபோது வாசலில் அந்த வேன் வந்து நின்றது. பத்து நாளாகக் கேட்டுப் பழகிப்போன சத்தம்தான். கதவை இழுக்கும் கரகரப்பு, தகரப் பெட்டிகளைத் தரையில் இறக்கும் ஓசை, அப்புறம் புரியாத பாஷையில் இரண்டு வார்த்தை. துணி பாதிக் கிழிசலில் நின்றது.

“சீக்கிரம் கட்டும்மா. வெறைச்சிப்போச்சின்னா விரல் சேராது” என்றாள் பக்கத்து வீட்டுக் குப்பு.

கட்டினாள். முப்பது வருஷம் மின்சாரக் கம்பம் ஏறிய கால்கள். பாதங்களின் உட்புறம் காய்த்துக் கறுத்துச் செருப்புத் தோல் மாதிரி கெட்டிப்பட்டிருந்தது. திருப்பாதிரிப்புலியூரில் பாதித் தெருக்களுக்கு முதல் விளக்கை எரியவிட்டவர் லைன்மேன் கலியபெருமாள். அன்று காலை ஆறரை மணிக்கு, “காப்பி வேணாம், கொஞ்சம் வெந்நி குடும்மா” என்று மருமகளிடம் கேட்டார். அவள் வெந்நீரோடு திரும்பியபோது வாயைத் திறந்தபடி சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார். தம்ளரை நீட்டிக்கொண்டு “மாமா, மாமா” என்று இரண்டு தடவை கூப்பிட்ட பிறகுதான் அவளுக்கு விஷயம் உறைத்தது.

அவள் புருஷன் வைத்திலிங்கம் உள்ளே வந்தான். அப்பா செத்து மூன்று மணி நேரம் ஆகவில்லை. தலையைப் படிய வாரி வகிடு எடுத்திருந்தான்.

“அமிர்தம், அவுங்க வந்திருக்காங்க. துக்கம் கேக்க.”

“துக்கம் கேக்க வர்றவுங்க பொட்டிய ஏன் எறக்குறாங்க?”

“எங்க போனாலும் எடுத்துகிட்டுதான போவாங்க. நீ கொஞ்சம் செவுத்துப் பக்கமா நவுந்துக்க. வெளிச்சத்த மறைக்கிற.”

அவன் மேல் வெளிநாட்டு சிகரெட் நாற்றம் அடித்தது. சாவு வீட்டின் ஊதுபத்தி வாசனையோடு அது கலந்தபோது அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். இதே நாற்றத்தைப் போன வாரம் “உங்க மேல சென்ட் வாசன அடிக்குது” என்று சொல்லி அவன் சட்டையில் முகம் வைத்துச் சிரித்தவள்தான் அவள்.

ஐரோப்பாவில் ஏதோ ஒரு தேசத்து டெலிவிஷன்காரர்கள் அவர்கள். மாறிக்கொண்டிருக்கிற ஒரு நகரத்தில் சாதாரண ஜனங்கள் தினப்படி எப்படி வாழ்கிறார்கள் என்று படம் எடுக்கிறார்களாம். முதலில் சிதம்பரத்தில் இறங்கி கோபுரத்தையும் குளத்தையும் எடுத்தார்கள். பிறகு கடலூருக்கு வந்து மஞ்சக்குப்பத்தில் ஒரு பங்களாவில் தங்கினார்கள். பேச்சை மாற்றிச் சொல்ல ஆள் தேடியபோது, டுடோரியல் காலேஜில் இங்கிலீஷ் வாத்தியாராக இருந்த வைத்திலிங்கத்தை யாரோ காட்டிவிட்டார்கள். “சாதாரணக் குடும்பம் ஒண்ணு வேணுமாம்” என்று அவன் தன் வீட்டையே காட்டிவிட்டான்.

டெலிவிஷன் என்றால் என்னவென்று அந்தத் தெருவில் ஒருவருக்கும் தெரியாது. வைத்திலிங்கம் விளக்கினான்: வீட்டுக்குள்ளேயே சினிமா வருகிற பெட்டி.

“அப்ப நம்ம வூட்ட அவன் வூட்டுக்குள்ள வச்சிப் பாப்பானா?” என்று கேட்டார் கலியபெருமாள். “பாத்து இன்னா பண்ணுவான்?”

“தெரிஞ்சிப்பான்பா. நம்மளப் பத்தி.”

“நம்மளப் பத்தி நமக்கே ஜாஸ்தி தெரியாதேடா.”

மறுநாளிலிருந்து தினப்படி வாழ்க்கை ஆரம்பமானது. கொல்லையில் குழாய் இருந்தது; ராமாமிர்தம் பித்தளைக் குடத்தோடு கோயில் குளத்துக்கு அனுப்பப்பட்டாள். ரேடியோவின் மேல் ஒரு துண்டைப் போட்டு மூடினார்கள். அவள் மாமியார் மாரியம்மாள், மிஷினில் அரைத்து வாங்கி வந்த மாவு டப்பாவை ஒளித்துவிட்டு வெறும் உரலில் உலக்கை போட்டாள். லைன்மேன் கலியபெருமாளை ஒரு அரிக்கேன் விளக்கைத் துடைத்துக் கொளுத்தச் சொன்னார்கள். “இத அணைக்கத்தானடா முப்பது வருஷம் எனக்குச் சம்பளம் குடுத்தான்” என்று சிரித்துக்கொண்டே கொளுத்தினார்.

ஒவ்வொன்றும் முடிந்ததும் அந்தத் தாடிக்கார டைரக்டர் ஒற்றை விரலைத் தூக்குவார். “ஒன் மோர் டைம், ப்ளீஸ்.”

வைத்திலிங்கம் அதைத் தமிழில் சொல்வான். “இன்னொரு வாட்டி.”

இரண்டாம் நாளே அவன் சொல்ல வேண்டிய அவசியம் இல்லாமல் போயிற்று. தெருவே அதைக் கற்றுக்கொண்டது. தராசில் மீனைச் சரியாக நிறுக்கவில்லை என்று குப்பு மீன்காரியிடம் விரலை நீட்டி, “ஒன் மோர் டைம்” என்றாள்.

ராமாமிர்தமும் சிரித்தவள்தான். அவளும் சிதம்பரத்தில் பி.யு.சி. வரை படித்தவள். வெள்ளைக்காரர் பேசுவது பெரும்பாலும் அவளுக்கு விளங்கியது. ஆனால் வீட்டு மருமகள் அந்நிய ஆண்களிடம் இங்கிலீஷ் பேசுவதாவது. கதவோரம் நின்று தன் புருஷன் பேசுவதைக் கேட்பாள். நாக்கு புரளாமல், தயங்காமல், அவர்களுக்குச் சமமாக நின்று பேசுவான். அதைக் கேட்கக் கேட்க நெஞ்சு நிறையும். போன ஞாயிற்றுக்கிழமை திருவந்திபுரம் போய்விட்டுத் திரும்பும்போது கெடிலம் பாலத்தில் ஆள் நடமாட்டம் இல்லாத இடமாகப் பார்த்து அவள் கையைப் பிடித்துக்கொண்டான். படத்தை வெட்டி ஒட்டுகிற வேலைக்குத் தமிழ் தெரிந்த ஆள் ஒருவர் அவர்கள் ஊரில் ஆறு மாசம் வேண்டுமாம். டைரக்டர் கடிதம் கொடுப்பதாகச் சொல்லியிருக்கிறாராம். “ஒன்னயும் கூட்டிட்டுதான் போவேன். அங்க குளிருக்கு முழங்கால் வரைக்கும் கம்பளிக் கோட்டு போடணும்.” அன்று படுத்த பிறகும் அவள் அந்தக் கோட்டுக்கு ஒவ்வொரு நிறமாகப் போட்டுப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

அதை நினைத்தால் இப்போது வாயில் கசந்தது.

கூடத்தில் மாமனாரைக் கிடத்தியிருந்த பெஞ்சுக்கு நேர் மேலே ஒரு ட்யூப் லைட் இருந்தது. மகன் கல்யாணத்துக்காக அவரே வாங்கி, அவரே வயர் இழுத்து மாட்டியது. டைரக்டர் அதை அண்ணாந்து பார்த்தார். பிறகு வைத்திலிங்கத்தின் காதில் ஏதோ சொன்னார்.

வைத்திலிங்கம் ஸ்டூலைப் போட்டு ஏறினான். விளக்குக்கு நேர் கீழே போகவிடாமல் அப்பா கிடந்த பெஞ்சு தடுத்தது; பிணத்தைத் தாண்டிக் கையை நீட்டி விளக்கைக் கழற்றினான். ட்யூபைச் சுவர் மூலையில் துடைப்பத்தின் பக்கத்தில் சாய்த்து வைத்தான். அந்த அரிக்கேன் விளக்கு மறுபடி வந்து தலைமாட்டில் உட்கார்ந்தது.

“எதுக்குடா அது?” என்று கேட்டாள் மாரியம்மாள். விடிந்ததிலிருந்து அவள் பேசிய முதல் பேச்சு.

“படத்துல ட்யூப்பு தெரிஞ்சா நல்லாருக்காதாம்மா.”

“அவுரு போட்ட வெளக்குடா.”

“சாயங்காலம் மாட்டிர்றேம்மா.”

அதற்குள் தெருப் பெண்கள் வந்து கூடிவிட்டார்கள். பாதிப் பேர் சேலை மாற்றிக்கொண்டு வந்திருந்தார்கள். கால்விரலைக் கட்டும்போது இருந்த முகத்தைக் குப்பு வீட்டுக்குப் போய்க் கழுவிப் பவுடர் போட்டு வந்திருந்தாள். வேர்வையில் அது கழுத்து மடிப்பில் வெள்ளைக் கோடாக இறங்கியது. கேமரா அவள் பக்கம் திரும்பியதும் மார்பில் அடித்துக்கொண்டு, “கம்பத்துல ஏறுன மவராசா” என்று எடுத்தாள். உண்மையிலேயே நன்றாகத்தான் பாடினாள். முடிந்ததும் டைரக்டர் விரலைத் தூக்கினார். குப்பு மூக்கைச் சிந்திவிட்டு, தொண்டையைச் செருமிக்கொண்டு, முதலிலிருந்து ஆரம்பித்தாள். மாமனாரின் உதட்டோரத்தில் ஈ உட்கார்ந்தது. ராமாமிர்தம் விசிறியை எடுத்தாள். “விசிறி ஆடக் கூடாதாம், சித்த நிறுத்து” என்றான் வைத்திலிங்கம். பாட்டு முடியும் வரை ஈ அங்கேயே நடந்துகொண்டிருந்தது.

மாரியம்மாள் மட்டும் அழவில்லை. புருஷனின் முழங்கையைப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தாள். கேமராக்காரர் அவள் எதிரில் மண்டியிட்டு வெகுநேரம் காத்திருந்தார். கடைசியில் வைத்திலிங்கம் குனிந்து அம்மாவின் தோளைத் தொட்டான்.

“அம்மா, கொஞ்சம் அழும்மா.”

அவள் நிமிர்ந்து மகனைப் பார்த்தாள். “நீ அழுதியாடா?” என்று கேட்டாள். சாதாரணமாகத்தான் கேட்டாள், சாப்பிட்டாயா என்று கேட்பது போல.

அவன் எழுந்து போய் டைரக்டரிடம் ஏதோ சமாதானம் சொன்னான். டைரக்டர் ஒரு சின்ன நோட்டைப் பிரித்துவைத்துக்கொண்டு கேள்வி கேட்டார். கதவோரம் நின்ற ராமாமிர்தத்துக்கு எல்லாம் கேட்டது. விதவைக்கு வளையலும் தாலியும் கழற்றுவார்களாமே, அது எப்போது? பத்தாம் நாள் என்றான் வைத்திலிங்கம். நாங்கள் சனிக்கிழமை கிளம்புகிறோம், அதை இன்றைக்கே வைத்துக்கொள்ள முடியுமா என்றார் அவர்.

வைத்திலிங்கம் உடனே இல்லை என்று சொல்லிவிடவில்லை. யோசித்தான். கீழுதட்டைப் பல்லால் கடித்துக்கொண்டு, கடைக்காரர் சரக்கு இருக்கிறதா என்று யோசிப்பாரே, அந்த மாதிரி யோசித்தான். அப்புறம்தான் முடியாது என்று தலையசைத்தான். அவன் தலையசைத்ததை அவள் கணக்கில் எடுக்கவில்லை. அந்த யோசனையைத்தான் பார்த்தாள். ஒன்றரை வருஷமாக ஒரே பாயில் படுத்து எழுந்தவனின் முகம், தெரியாத்தனமாகத் தொட்டுவிட்ட எச்சில் இலை மாதிரி இருந்தது. கையைப் புடவையில் துடைத்துக்கொண்டாள்.

செவ்வாய்க்கிழமை நடந்ததை அவளைத் தவிர யாரும் முழுசாக அறியவில்லை.

ஊருக்கு வெளியே புதிதாக மனை போட்டிருந்த இடத்தில் இன்னும் கம்பி இழுக்காத கம்பங்கள் நின்றன. நகரம் மாறுவதைக் காட்ட லைன்மேன் கம்பம் ஏறுகிற காட்சி வேண்டும் என்றார்கள். உச்சி வெயில். ரிட்டையர் ஆகி மூன்று வருஷம் ஆன மனுஷர், பழைய காக்கிச் சட்டையைத் தேடி எடுத்து மாட்டிக்கொண்டு, சந்தோஷமாகத்தான் போனார். ராமாமிர்தம் மோர் எடுத்துக்கொண்டு கூடப் போனாள். முதல் தடவை சரசரவென்று ஏறினார். மேலே இருந்து மருமகளைப் பார்த்துக் கையை ஆட்டினார். விரல் உயர்ந்தது. இரண்டாம் தடவை பாதியில் நின்று மூச்சு வாங்கி ஏறினார். மறுபடி விரல் உயர்ந்தது.

கம்பத்தைப் பிடித்தபடி கீழே நின்றார். சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. “போதும்னு சொல்லுடா வைத்தி. மாரு அடைக்கிற மாரி இருக்கு.”

வைத்திலிங்கம் டைரக்டர் பக்கம் திரும்பினான். “ஹி இஸ் ரெடி” என்றான்.

ராமாமிர்தத்தின் கையில் மோர்ச் சொம்பு இருந்தது. வாயைத் திறக்க ஒரு நொடி இருந்தது அவளுக்கு. அந்த ஒரு நொடியில் எத்தனையோ வந்து மறித்தது: ஆண்கள் நிற்கிற இடம், புருஷனைப் பொய்யனாக்குவது, கடிதம், கோட்டு. மாமனார் மகனை ஒரு பார்வை பார்த்தார். பிறகு மூன்றாம் தடவை ஏறினார்.

அன்று சாயங்காலம் நெஞ்சைத் தடவிக்கொண்டு படுத்தார். கம்பவுண்டர் வந்து பார்த்து வாயுத் தொந்தரவு என்று மிக்சர் கலந்து கொடுத்தார். ராமாமிர்தம் மருந்தை ஊற்றும்போது அவர் மெல்லச் சொன்னார்: “அமிர்தம், அந்தப் படம் புடிக்கிற பொட்டிய இனிமே எம் பக்கம் திருப்ப வுடாத.”

“சரிங்க மாமா.”

“ஒனக்கு வெளங்குச்சில்ல, அவன் இன்னா சொன்னான்னு?”

அவள் தலையைக் குனிந்துகொண்டாள்.

“எனக்கு இங்கிலீசு தெரியாதுதான். ஆனா ரெடின்னா தெரியும். லைன் ரெடி, லைன் ரெடின்னு முப்பது வருசம் கத்தியிருக்கேன்.”

“அப்பறம் ஏன் மாமா ஏறுனீங்க?”

“புள்ள சொல்லிட்டானே” என்றார். “அத்தன பேர் எதிர்ல.”

இரண்டு நாள் கழித்து, இன்று காலையில் போய்விட்டார். திருப்ப விடாதே என்று கேட்டவரின் மூக்குத் துவாரத்துப் பஞ்சு வரைக்கும் அந்தப் பெட்டி குனிந்து பார்த்துக்கொண்டிருந்தது. அவள் கதவோரம் நின்றுகொண்டிருந்தாள், செவ்வாய்க்கிழமை நின்றது போலவே.

பதினொரு மணிக்கு நீர்மாலை எடுத்து வந்து குளிப்பாட்டினார்கள். சிதம்பரத்திலிருந்து அவள் அப்பா கோடித் துணியோடு பஸ்ஸில் வந்து சேர்ந்தார். வாய்க்கரிசி போட்டு முடிந்தது. பாடையைத் தூக்க முன்பக்கத்தில் தட்சிணாமூர்த்தி தோள் கொடுத்தான். கலியபெருமாளிடம் வேலை கற்று லைன்மேன் ஆனவன். ஈர வேட்டியோடு வைத்திலிங்கம் கொள்ளிச் சட்டியை ஏந்தி முன்னால் நடந்தான். சங்கும் மேளமுமாகப் பாடை தெருமுனை திரும்பியது.

பெண்கள் வீட்டைக் கழுவ ஆரம்பித்தார்கள். பெஞ்சைத் தெருவில் கவிழ்த்துப் போட்டு, கூடத்தில் குடம் குடமாகத் தண்ணீர் ஊற்றி, துடைப்பத்தால் வாசல்வரை தள்ளிக்கொண்டு வந்தாள் ராமாமிர்தம். அரளிப் பூவும் அரிசியும் பன்னீர் வாசனையும் தண்ணீரோடு படி இறங்கிப் போயின. மாரியம்மாளைக் கொல்லையில் உட்காரவைத்துத் தலையில் தண்ணீர் ஊற்றினார்கள். அவர் கிடந்த இடத்தை ராமாமிர்தம் துடைத்து அகல் விளக்கு ஒன்றை ஏற்றினாள். கழுவக் கழுவ வீட்டுக்குள் கொஞ்சம் மூச்சு விட முடிந்த மாதிரி இருந்தது. அந்தமட்டுக்கும் மாமா போய்ச் சேர்ந்தார், இனி பெட்டி அவரைத் தொடாது என்று நினைத்தாள்.

அப்போது சங்குச் சத்தம் கேட்டது. தூரத்தில் தேய வேண்டிய சத்தம் கிட்டத்தில் வந்துகொண்டிருந்தது.

“ஏண்டி, எது வருது?” என்று கேட்டாள் குப்பு. அவள் கையிலிருந்த ஈரப் புடவை பிழிந்தபடியே நின்றது.

தெருமுனையில் பாடை தெரிந்தது. வீட்டை நோக்கி வந்துகொண்டிருந்தது.

வீதியில் இறங்கிய பிணம் திரும்பி வீட்டுக்கு வந்ததை அந்தத் தெருவில் யாரும் பார்த்ததில்லை. திரும்பி வந்தால் இன்னொருவரைக் கூட்டிக்கொண்டுதான் போகும் என்பார்கள். பெண்கள் விழுந்தடித்துக்கொண்டு சுவரோரம் ஒதுங்கினார்கள். ஒருத்தி குழந்தையைத் தூக்கி முந்தானைக்குள் மறைத்தாள். கொல்லையிலிருந்து ஈரத் தலையோடு எழுந்து வந்த மாரியம்மாள், கூடத்து அகல் விளக்கைத் தாண்டி வாசலில் தன் புருஷன் வருவதைப் பார்த்துவிட்டு, சத்தமே இல்லாமல் நிலைப்படியில் சாய்ந்தாள்.

“ஒண்ணுமில்ல, ஒண்ணுமில்ல” என்று வைத்திலிங்கம் சட்டியைப் பிடித்தபடியே முன்னால் ஓடி வந்தான். புகையில் கண் கலங்கியிருந்தது, புகையினால்தான். “தூக்கறப்போ வெயில் மறைஞ்சிடுச்சாம். படம் சரியா வுழலியாம். வாசல்லேருந்து மறுபடி தூக்கணும். பத்தே நிமிசம்.”

“நாங்க மாட்டோம்னுதாம்மா சொன்னோம்” என்றான் தட்சிணாமூர்த்தி. தோளில் பாடை, முகத்தை அவள் பக்கம் திருப்ப முடியவில்லை. “சட்டி புடிச்சவன் சொல்றான். கொள்ளி வைக்கிறவன் பேச்ச எப்பிடி மீறுறது?”

வேன் ஊர்ந்து வந்து நின்றது. கேமராக்காரர் அதன் கூரைமேல் உட்கார்ந்திருந்தார். டைரக்டர் இறங்கி, வானத்தைப் பார்த்தார், நன்றாக வெயில் அடிக்கிறது என்பதற்கு அடையாளமாகக் கட்டைவிரலைக் காட்டினார்.

ராமாமிர்தம் மாமியாரைக் குப்புவின் மடியில் சாய்த்துவிட்டுப் படியிறங்கினாள். கூந்தல் அவிழ்ந்து முதுகில் நனைந்து கிடந்தது. புடவை முழங்கால்வரை ஈரம். அவள் அப்பா “அம்மாடி, உள்ள போ” என்றார். அவள் டைரக்டருக்கு எதிரே போய் நின்றாள்.

“மை ஃபாதர்-இன்-லா செட் நோ” என்றாள்.

குரல் அவளுக்கே புதிதாக இருந்தது. தெருவில் மேளக்காரர்கள்கூட அசையவில்லை. நிறுத்தி நிறுத்தி, பள்ளிக்கூடத்தில் ஒப்பிப்பது போல, இங்கிலீஷிலேயே சொன்னாள்: “செவ்வாய்க்கிழமை அவர் போதும் என்று சொன்னார். நெஞ்சு வலிக்கிறது என்று சொன்னார். என் கணவர் உங்களிடம் அதைச் சொல்லவில்லை. எனக்கு அது தெரியும். நானும் சொல்லவில்லை. இனிமேல் என்னைப் படம் எடுக்க விடாதே என்று அவர் என்னிடம் கேட்டுக்கொண்டார். நீங்கள் போய்விடுங்கள்.”

டைரக்டரின் முகத்தில் சிவப்பு ஏறி இறங்கியது. வைத்திலிங்கத்தைப் பார்த்தார். அவன் சட்டிக்குள் இருந்த நெருப்பைப் பார்த்துக்கொண்டு நின்றான். டைரக்டர் தாடியைத் தடவினார். தலையைக் குனிந்தார். மன்னிப்புக் கேட்கப்போகிறார் என்றுதான் ராமாமிர்தம் நினைத்தாள். அவர் திரும்பி, வேன் கூரையைப் பார்த்து மெதுவாக ஏதோ கேட்டார். மேலே இருந்தவர் உதட்டைப் பிதுக்கி, காதைத் தொட்டுக் காட்டி, இல்லை என்று கையை விரித்தார்.

டைரக்டர் அவள் பக்கம் திரும்பினார். கண்கள் கலங்கியிருந்தன. அது பொய்யில்லை. ஒற்றை விரல் மட்டும் உயர்ந்தது.

“ஒன் மோர் டைம், ப்ளீஸ்.”

அவளுக்கு விளங்கவில்லையோ என்று நினைத்தானோ, வெறும் பழக்கம்தானோ, வைத்திலிங்கத்தின் வாய் தானாகத் திறந்தது.

“இன்னொரு வாட்டி சொல்லுவியான்னு கேக்குறாரு” என்றான். “சத்தம் பதியலியாம்.”

ராமாமிர்தம் புருஷனைப் பார்த்தாள். நல்ல உயரம், அளவான நெற்றி, அவள் ஆசையாகப் பார்த்த அதே மூக்கு. பார்வையை எடுத்துக்கொண்டு பாடையின் பக்கம் திரும்பினாள்.

“தூக்குங்கடா” என்றான் தட்சிணாமூர்த்தி.

“சட்டி முன்னால போவணுமே” என்றார் யாரோ.

“வந்தா வரட்டும்.”

பாடை அங்கேயே வட்டம் போட்டுத் திரும்பியது. மேளம் ஒரு வீச்சில் எழுந்தது. கொள்ளிச் சட்டிக்குக் காத்திராமல் கலியபெருமாள் வேகமாகப் போனார். கூரைமேல் இருந்தவர் பரபரப்பாகக் கருவியைத் திருப்பினார். மாரியம்மாளை இன்னொருத்தியிடம் விட்டுவிட்டு வந்த குப்பு, பிழிந்துவைத்திருந்த எட்டு முழச் சேலையின் ஒரு முனையை ராமாமிர்தத்தின் கையில் கொடுத்தாள். மறுமுனையோடு நடந்து போய் வேனுக்கு முன்னால் நின்று உயரத் தூக்கிப் பிடித்தாள். உதறினாள். தண்ணீர் கண்ணாடியில் தெறித்தது.

“இந்தா, இத எடு” என்றாள் மேலே பார்த்து. பவுடர் முழுக்கக் கரைந்திருந்தது. “எத்தினி வாட்டி வேணும்னாலும் எடு.”

சேலைக்கு அப்பால், புகைகிற சட்டியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, பாடைக்குப் பின்னால் வைத்திலிங்கம் ஓடினான். முனை திரும்பும்வரை அவன் எட்டிப்பிடிக்கவில்லை.

சாயங்காலம் ராமாமிர்தம் ஸ்டூலைப் போட்டு ஏறி, துடைப்பத்தின் பக்கத்தில் கிடந்த ட்யூபைத் துடைத்து மாட்டினாள். ஸ்டார்ட்டரைக் கால் திருப்புத் திருப்பினாள். மாமா அப்படித்தான் திருப்புவார். இரண்டு தடவை மினுக்கிவிட்டு விளக்கு எரிந்தது. மாரியம்மாள் மூலையில் படுத்தபடியே அதைப் பார்த்தாள்.

வெளிச்சம் இருக்கும்போதே கெடிலக் கரையிலிருந்து ஆண்கள் திரும்பினார்கள். ஒவ்வொருவராகக் கால் கழுவி, கூடத்து அகலை எட்டிப் பார்த்துவிட்டுச் சொல்லாமல் போனார்கள். கடைசியாக வைத்திலிங்கம் வந்தான். மொட்டைத் தலையில் ஒரு கீறல் ரத்தம் காய்ந்திருந்தது. படிக்குக் கீழே நின்றான். உள்ளே எரிந்த ட்யூப் லைட்டைப் பார்த்தான். தெருவின் இரண்டு பக்கமும் பார்த்தான்.

“வேன் ஏதாச்சும் வந்துச்சா?” என்று கேட்டான். “கடுதாசி எதாவது குடுத்தாங்களா?”

கால் கழுவத் தண்ணீருக்காகக் கையை நீட்டினான்.

ராமாமிர்தம் சொம்பை நிறைய மொண்டு வந்தாள். அவன் கைக்கு அருகே கொண்டுவந்தவள், குனிந்து, அதைப் படியின்மேல் வைத்துவிட்டு உள்ளே போனாள். விளிம்புவரை நின்ற தண்ணீரில் ட்யூப் லைட்டின் வெள்ளைக் கோடு கொஞ்ச நேரம் ஆடிக்கொண்டிருந்தது; பிறகு நின்றது.